லிங்கராஜபுரத்து மௌனி

லிங்கராஜபுரத்தில் தையல் மெஷின் ரிப்பேர் கடை வைத்திருக்கும் ஓஸ்வால்டுக்கு ஆண்டவர் தொண்டையில் மில் சங்கைப் பொருத்தி அனுப்பியிருந்தார். மாதா கோயில் திருவிழாவில், கூவும் நம்பர்களைச் சீட்டில் முதலில் அடித்து முடித்தவர் ‘ஹௌஸ்’ சொல்லி ஜெயிக்கும் ஹௌசி ஆட்டத்துக்கு நம்பர் கூவுவது எப்போதும் அவர்தான். ஒரு வருடம் மைக் பழுதாகிவிட, வெறும் வாயாலேயே “நாற்பத்தேழு” என்றார். அடுத்த தெரு கிளினிக்கில் நாற்பத்தேழாம் டோக்கன்காரர் எழுந்து டாக்டர் அறைக்குள் போய்விட்டார்.

அந்தத் தொண்டை ஒருநாள் கட்டிக்கொண்டது. இருபது நாள் வாயே திறக்கக்கூடாது என்று டாக்டர் உத்தரவு. வேறு வழியில்லாமல் மனைவி பெர்னதெத் பேசுவதைக் கேட்டார். அவள் குரல் பூனை நடப்பது மாதிரி. முப்பது வருடமாகத் தன் கையால் அவளுக்கு இஞ்சி டீ போட்டுக் கொடுத்தவருக்கு, இஞ்சியே அவளுக்கு ஆகாது என்பது நாலாம் நாள்தான் தெரிந்தது. இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்று போனில் டைப் அடித்துக் காட்டினார்.

“தினம்தான் சொன்னேன்,” என்றாள்.

அந்த அதிர்ச்சியில் பிறந்த புத்தகம்தான் ‘வாய் மூடினால் காது திறக்கும்’. எதிரில் இருப்பவர் பேசி முடிக்கும்வரை வாயைப் பூட்டு, அதுதான் தியானம், அதற்குப் பாயும் வேண்டாம் ஊதுபத்தியும் வேண்டாம் என்பது அதன் சாரம். பின்னட்டையில் உதட்டில் விரல் வைத்த படம். எலெக்ட்ரானிக் சிட்டி கம்பெனிக்காரர்கள் விழுந்து விழுந்து படித்தார்கள். ஆசிரியர் வருடக்கணக்காகப் பேசுவதே இல்லை என்று யாரோ கிளப்பிவிட்டார்கள். ஓஸ்வால்ட் மறுக்கவில்லை. மௌனி எப்படி வாய்விட்டு மறுப்பார்?

இந்த வருடத் திருவிழாவுக்கு அனன்யா என்ற வாசகி, ஆபீஸ் கூட்டத்தோடு கேப் பிடித்து வந்து முன்வரிசையில் உட்கார்ந்துவிட்டாள். மௌனியைத் தரிசிக்க வேண்டுமாம். ஃபாதரோ மைக்கை நீட்டுகிறார். வாயைத் திறந்தால் பட்டம் போச்சு. ஓஸ்வால்ட் விரல்களாலேயே நம்பர் காட்டிப் பார்த்தார். முக்கால் ஆட்டம் அப்படியே ஓடியது. விரல் எட்டா ஒன்பதா என்று நாலாம் வரிசையில் அடிதடி மூளும் நிலை.

பெர்னதெத் எழுந்து வந்தாள்.

“ஏங்க, புக்குல பேசாதேன்னா எழுதினீங்க? கேளுன்னுதானே எழுதினீங்க. கூவுங்க. எனக்கு ஒரே நம்பர்தான் பாக்கி.”

சொல்லிவிட்டுப் பின்வரிசைக்குப் போய்விட்டாள். ஓஸ்வால்ட் அனன்யாவைப் பார்த்தார். மைக்கைப் பார்த்தார்.

“அறுபத்திரண்டு!”

பந்தல் துணி ஒருமுறை உப்பி அடங்கியது. அனன்யா பின்னட்டையையும் ஆளையும் மாறி மாறிப் பார்த்தாள். மௌனிக்கு பிரேக் பிடிக்கலையா என்று சிரித்த கூட்டம், அடுத்த நம்பர் கேட்டு ஒரே கூச்சல். அதைக் கூவிவிட்டால் முந்தைய நம்பரில் ஜெயித்தவருக்குப் பரிசு கிடையாது. திறந்த வாயை ஓஸ்வால்ட் சட்டென்று மூடினார்.

“இருங்க. எங்க வீட்ல என்னமோ சொல்றா.”

கடைசி வரிசையில் பெர்னதெத் சீட்டைப் பிடித்தபடி நின்றிருந்தாள். “ஹௌஸ்,” என்று சொல்லி முடித்திருந்தாள்.

“எனக்கு ஒண்ணுமே கேக்கலையே, சார்,” என்றாள் அனன்யா.

“எனக்கும் முப்பது வருஷம் கேக்கலம்மா.”

பரிசாக வந்தது பெரிய டீ ஃப்ளாஸ்க். அன்றே அதில் டீ நிரப்பி, கேபில் வந்தவர்களுக்கெல்லாம் ஊற்றிக் கொடுத்தார் ஓஸ்வால்ட். இஞ்சி போடவில்லை.