ஆற்றுக்கு இக்கரையில் ஒரு வெள்ளிக்கிழமை

ஆல்சாஸ் கிராமங்களில் துணிமூட்டை சுமந்து விற்கும் யூதர் ஹிர்ட்ஸ், வாரமெல்லாம் அலைந்தாலும் வெள்ளி மாலை வீடு சேர்ந்துவிடுவார். புதிதாகப் பிறந்த மகளின் தலையில் கைவைத்து ஆசி சொல்ல இதுதான் முதல் சபாத், வெள்ளி பொழுது சாய்ந்ததும் தொடங்கும் யூதர்களின் ஓய்வுநாள். ஆனால் பனியில் கால் புதைந்து, ஆற்றங்கரைச் சத்திரத்தை எட்டும்போதே பொழுது சாய்ந்துவிட்டது. வீடோ அக்கரையில், பாலம் சுற்றித்தான் போகவேண்டும்; இனி ஓய்வுநாள் முடியும்வரை, விதிப்படி அவ்வளவு தூரம் நடக்கக்கூடாது.

"வீடு கண்ணுக்குத் தெரியுது, போயேன்யா! யாரு பாக்கப்போறா?" என்றாள் சத்திரக்காரி ஓடில்.

"நான் பாப்பேனேக்கா."

வாசலில் நின்று அக்கரையைப் பார்த்தார். எப்போதும் சாப்பாட்டு மேசைக்கு மேலே தொங்கும் சபாத் விளக்கு, இன்று ஆற்றைப் பார்த்த சன்னலில் எரிந்தது. ஓய்வுநாள் தொடங்கியபின் ஏற்றிய விளக்கை நகர்த்தக்கூடாது. ஆக, பகல் வெளிச்சம் இருக்கும்போதே மனைவி பிரைன்லே அதை அங்கே மாட்டியிருக்கிறாள், அவர் வரமாட்டார் என்று தெரிந்தே.

"கதவச் சாத்துய்யா, குளிருது!"

"இரு அக்கா, புள்ளைக்கு ஆசி சொல்லிட்டிருக்கேன்" என்றார், நீட்டிய கையை இறக்காமலே.