கம்பெனி இங்கிலீஷும் அத்தை சொன்ன அர்த்தங்களும்

இங்கிலீஷில் ஒருவரை வாயார வாழ்த்தினால் ஒரு கூட்டமே பேயறைந்த மாதிரி நிற்கும் என்று அப்போது மூன்றாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்த எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. தொண்ணூற்றொன்றில், மறைமலை நகரில் அத்தை வேலை பார்த்த கம்பெனியில், ஆயுத பூஜை அன்று அது நடந்தது.

அத்தை என்றால் அப்பாவின் தங்கை. பத்தாவது முடித்தவள். வண்டிகளுக்குப் போகும் வயர்களைக் கட்டாகச் சேர்த்து டேப் சுற்றுகிற லைனில் அவளுக்கு வேலை. எங்கள் வீட்டுக்கு எதிரே, ஒரகடம் கூட்ரோட்டில் கம்பெனி பஸ் நின்று ஏற்றிக்கொள்ளும். எங்கள் குடும்பத்துப் பெண்களில் களை எடுக்கப் போனவர்கள் உண்டு. பஸ் ஏறி வேலைக்குப் போனவள் அவள்தான் முதல். அப்பா சும்மா அனுப்பிவிடவில்லை. "எவனாவது உன்ன ஒரு சொல்லு சொன்னான்னு என் காதுல வுழுந்துது, அன்னிக்கே நின்னுக்கணும்" என்று சொல்லித்தான் அனுப்பினார்.

ஒரு நாள் சாயங்காலம், சோற்றைப் பிசைந்தபடி அத்தை "டஃபராம், டஃபர்" என்று முணுமுணுத்தாள். அப்பா நிமிர்ந்தார்.

"இன்னாது அது?"

அத்தை வாயில் இருந்ததை மென்று விழுங்கிவிட்டுச் சொன்னாள். "கெட்டிக்காரின்னு அர்த்தம்ணா. சூப்பர்வைசர் சொன்னாரு."

இடியட், ராஸ்கல், கெட் அவுட் எல்லாம் அப்பாவுக்குத் தெரியும், சினிமா பார்க்கிறவர்தானே. அதற்கு மேற்பட்ட இங்கிலீஷுக்கு எங்கள் வீட்டில் அத்தைதான் அகராதி. அன்றிலிருந்து அந்த சூப்பர்வைசரின் வாயிலிருந்து விழுந்ததெல்லாம் எங்கள் வீட்டுக்கு நல்ல வார்த்தையாகவே வந்து சேர்ந்தது. ஹோப்லெஸ் என்றால் அலுப்புத் தெரியாமல் உழைக்கிற ஆள். கெட் லாஸ்ட் என்றால் பத்திரமாகப் போய் வா. என் கணக்குப் பரீட்சைப் பேப்பரைப் பார்த்துவிட்டு அப்பா, "டஃபருடி கண்ணு நீ" என்று தலையைத் தடவிக் கொடுத்தார். எனக்குத் தலைகால் புரியவில்லை.

காலையில் பஸ் ஹாரன் கேட்டதும் நான் வாசலுக்கு ஓடுவேன். "கெட் லாஸ்ட் அத்த!" என்று கையாட்டுவேன். அவள் சிரித்துக்கொண்டே ஓடுவாள்.

ஆயுத பூஜைக்குக் குடும்பத்தோடு வரச் சொல்லியிருந்தார்கள். மெஷினுக்கெல்லாம் சந்தனம், குங்குமம். கேட்டில் வாழைமரம். பெரிய அதிகாரி ஒருவர் பிள்ளைகளுக்குத் தம் கையாலேயே பொரி பாக்கெட் கொடுத்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் தட்டோடு நின்றவர்தான் சூப்பர்வைசர் என்று, அப்பா கேட்டுக் கேட்டு நச்சரித்த பிறகு, அத்தை காட்டினாள். அப்பா போய் அவரைக் கும்பிட்டார். தங்கச்சியை இத்தனை பாராட்டுகிற மனிதர் அல்லவா!

என் முறை வந்தது. பாக்கெட்டை வாங்கிக்கொண்டு கணீரென்று சொன்னேன்: "கெட் லாஸ்ட் சார்!"

அதிகாரியின் கை அந்தரத்தில் நின்றது. அம்மா வாயைப் பொத்திக்கொண்டாள். அதிகாரி குனிந்து, இதை யார் சொல்லிக் கொடுத்தது என்று தமிழில் கேட்டார். நான் தட்டுக்காரரைக் காட்டினேன்.

"இந்த சார்தான் எங்க அத்தைக்கு தெனம் சொல்வாரு. டஃபர், ஹோப்லெஸ் எல்லாங்கூட சொல்வாரு."

அதிகாரி சூப்பர்வைசர் பக்கம் திரும்பி, விரலை நீட்டி, இங்கிலீஷில் பொரிந்து தள்ளினார். நடுநடுவே எங்கள் வீட்டு வார்த்தைகளும் வந்தன. டஃபர் வந்தது, ஹோப்லெஸ் வந்தது. அவருக்கும் பாராட்டு கிடைக்கிறதே என்று எனக்குச் சந்தோஷம். ஆனால் பாராட்டு வாங்கியவர் தட்டோடு கூனிக் குறுகிக்கொண்டிருந்தார். அப்பா அவரைப் பார்த்தார். அதிகாரியின் விரலைப் பார்த்தார். பிறகு அத்தையைப் பார்த்தார். அத்தை தலையைக் குனிந்துகொண்டாள். அப்பாவின் முகம் அப்படி வெளிறிப்போய் நான் பார்த்ததே இல்லை.

சூப்பர்வைசர் அப்பாவிடம் மன்னிப்புக் கேட்டார். அதோடு அவர் கதை முடிந்தது. அவர் வேலைக்கு ஒன்றும் ஆகவில்லை. வீட்டுக்கு வந்ததும் அப்பா, "இனிமே நீ போவ வேணாம்" என்றார்.

"திட்டு வாங்குனது நானு. எனக்கே பரவால்லன்னும்போது உனக்கு இன்னாண்ணா?" என்றாள் அத்தை.

அப்பா, அன்று என் தலையைத் தடவிய தன் கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். என்ன தப்பு நடந்தது என்று எனக்கு யாரும் சொல்லவும் இல்லை. நானே யோசித்து ஒரு முடிவுக்கு வந்தேன். பெரியவர் அல்லவா, "கெட் லாஸ்டுங்க சார்" என்று மரியாதையாகச் சொல்லியிருக்க வேண்டும்.

லீவு முடிந்த காலையில் அத்தை குளித்து, புடவை கட்டி, டிபன் பாக்ஸில் சோறு கட்டிக்கொண்டு நின்றாள். அப்பா நிலைப்படியில் வழியை அடைத்து உட்கார்ந்திருந்தார். ஹாரன் கேட்டது. யாரும் அசையவில்லை. மறுபடியும் கேட்டது. எனக்குப் பொறுக்கவில்லை.

"கெட் லாஸ்ட் அத்த! பஸ் வந்துடுச்சு!"

அப்பா திடுக்கிட்டுத் திரும்பினார். அத்தை அப்படியே உட்கார்ந்து என்னைக் கட்டிக்கொண்டாள்.

"இன்னொரு வாட்டி சொல்லுடி கண்ணு."

சொன்னேன். பஸ் கிளம்பிப் போகிற சத்தம் கேட்டது. அவள் ஏன் அப்படி விம்மி விம்மி அழுகிறாள் என்று புரியாமல் நான் அதிர்ந்துபோய் நின்றேன். அந்த வீட்டில் அவளைப் போகச் சொன்னது நான் ஒருத்திதான் என்று அப்போது எனக்குத் தெரியாது.