செல்லாயி கடலுக்குப் போயிருக்கிறார்

பேசிக்கொண்டே இருப்பார், பாதி வாக்கியத்தில் குரல் நின்றுவிடும். கண்கள் மெல்ல இறங்கி, எதிரிலிருக்கும் தேநீர்க் குவளைக்குள் போய்விடும். குவளையின் பக்கவாட்டில் விரல் நுனியால் ஒரு தட்டுத் தட்டுவார். தேநீரின் மேல் படிந்த ஆடை சுருங்கும், விரியும், ஓரத்தில் போய் மடியும். செல்லாயி அதையே பார்த்துக்கொண்டிருப்பார். மலேசியாவின் ஈப்போ நகரில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கும் முத்து முகம்மதுவுக்கு இது பழகிப்போன காட்சி. அந்த நேரம் பார்த்து யாராவது அவரைத் தேடி வந்தால், மேசையைத் துடைத்தபடியே சொல்வார்: “டாக்டரம்மா கடலுக்குப் போயிருக்காங்க லா. வந்துருவாங்க. நீங்க உக்காருங்க, பாலில்லாம தே ஓ போடவா?”

ஈப்போவில் கடல் கிடையாது. ஊரைச் சுற்றிச் சுண்ணாம்புக் குன்றுகள், ஈயம் தோண்டிய பள்ளங்களில் தேங்கிய பச்சைத் தண்ணீர், அவ்வளவுதான். ஆனால் கடற்கரைப் பொறியியல் பேராசிரியர் செல்லாயிக்கு இந்த ஊரே ஒரு கடலடி. குன்றுகளின் சுண்ணாம்பு ஒரு காலத்தில் கடலுக்குள் உருவானது என்று மாணவர்களுக்குச் சொல்லும்போது அவருடைய கை தன்னையறியாமல் தலைக்கு மேல் உயரும். அங்கேதான் எங்கோ நீர்மட்டம் இருந்தது என்பதுபோல அண்ணாந்து பார்ப்பார். மாணவர்களும் கூரையைப் பார்ப்பார்கள். மின்விசிறி சுற்றிக்கொண்டிருக்கும்.

பிறந்தது செமோர் பக்கத்து ரப்பர்த் தோட்டத்தில். அப்பா மாயாண்டி பால்மரம் சீவியவர். மகளுக்குத் தன் தாயின் பெயரை வைத்தார். ஹாலந்தில் படித்த காலத்தில் யாருக்கும் அந்தப் பெயர் வாயில் நுழையவில்லை. சுருக்கி ‘சில்லா’ என்று கூப்பிடலாமா என்று ஒரு பேராசிரியர் கேட்டாராம். “முழுசாவே கூப்பிடுங்க, கொஞ்ச நாள்ல பழகிரும்” என்றாராம் இவர். பழகிவிட்டது. இப்போது நாற்பத்து மூன்று வயதாகிறது. கழுத்தில் மெல்லிய சங்கிலி, கொண்டையில் எப்போதும் ஒரு பென்சில். அவருடைய டாட்சன் காரின் ஜன்னல் வழியே, நுனியில் சிவப்புத் துணி கட்டிய நீண்ட மூங்கில் கழி வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். அலையின் உயரம் பார்க்கும் கழி அது. போலீஸ்காரர்கள் முதலில் நிறுத்திக் கேட்டார்கள். இப்போது கையசைத்து அனுப்பிவிடுகிறார்கள்.

ஆய்வுக்கூடத்தில் பேருந்து நீளத்துக்கு ஒரு தொட்டி இருக்கிறது. ஒரு முனையில் பலகை ஆடும். அலை புறப்பட்டு மறுமுனையின் மணலில் போய் விழும். மதியச் சாப்பாட்டு நேரத்தில் எல்லாரும் போன பிறகு அதை ஓட்டிவிட்டு, பக்கத்தில் முக்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். ஆராய்ச்சியா என்று கேட்டால், “இல்ல, சும்மாதான்” என்பார். அறை அலமாரியில் புட்டி புட்டியாகக் கடற்சேறு. கூட்டிப் பெருக்கும் மாரியம்மா ஒருநாள் அழுக்கு என்று நினைத்து ஒரு புட்டியைக் கொட்டிவிட்டார். செல்லாயி கோபப்படவில்லை. எங்கே கொட்டினீர்கள் என்று மட்டும் கேட்டார். “ரோசாச் செடிக்குப் போட்டேம்மா. நல்ல களிமண்ணு மாதிரி இருந்திச்சி.” அடுத்த வாரம் செடி கருகிப்போனது. உப்பு என்ன செய்யும் என்பதை இருவரும் செடிக்கு முன்னால் குந்தியிருந்து, துக்க வீட்டுக்கு வந்தவர்கள்போலப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

அவர் கடலை முதன்முதலாகப் பார்த்தது பன்னிரண்டு வயதில். அக்கா வீரம்மாவைப் பாரிட் புந்தாரிலிருந்து கடலை நோக்கிப் போகும் சாலையின் கடைக்கோடியில், பாரிட் தூஜோ என்ற கம்பத்தில், மலாய்க்காரர்கள் சொல்லும் கிராமத்தில், கட்டிக்கொடுத்திருந்தார்கள். மாப்பிள்ளை பத்துமலைக்குக் கொஞ்சம் நெல் வயல், கொஞ்சம் தென்னை, பலகை வீடு. வீட்டுக்குப் பின்னால் நீளமாக ஒரு மண்கரை. பள்ளி விடுமுறைக்குப் போன சிறுமி அந்தக் கரையில் ஏறி நின்றாள். ஒரு பக்கம் கீழே பச்சை வயல். மறுபக்கம், வயலைவிட உயரத்தில், கரையின் தோள்வரை கடல். அசையாமல், பழுப்பாக, தூங்குகிற யானைபோல.

“அக்கா, கடல் நம்ம வீட்டவிட உசரத்துல நிக்கிதுக்கா!” என்று கத்திக்கொண்டு ஓடிவந்தாள்.

“அதுக்குத்தான கரை இருக்கு. வந்து சாப்புடு பாப்பா” என்றாள் வீரம்மா.

பாப்பாவுக்குச் சோறு இறங்கவில்லை. அன்றிலிருந்து எல்லாமே அந்தக் காட்சியைச் சுற்றித்தான் நடந்தது என்று செல்லாயி சொல்வதுண்டு. கோலாலம்பூரில் பொறியியல் படித்தது, உபகாரச் சம்பளத்தில் ஹாலந்து போனது, எழுபதுகளில் திரும்பி வந்து பேராக் கடற்கரை முழுக்கச் சேற்றில் கால் புதைய நடந்தது எல்லாமே. விடுமுறை கிடைத்தால் அக்கா வீடு. தோட்டத்தைவிட அந்த வீடுதான் அவருக்குச் சொந்த ஊராகிப்போனது. கல்யாணப் பேச்சு வரும்போதெல்லாம், “அவளுக்கு மாப்புள தேடணும்னா தண்ணிக்குள்ளதான் தேடணும்” என்று சொல்லி வீரம்மாதான் காப்பாற்றினாள்.

சில ஆண்டுகளுக்கு முன்பு பாரிட் தூஜோவின் மண்கரை அரிக்கத் தொடங்கியது. முன்னால் சேற்றில் வேரூன்றி நின்ற பக்காவ் என்னும் அலையாத்தி மரங்களை வெட்டியாகிவிட்டது; அலைக்குத் தடையில்லை. புதிய கரையை எங்கே போடுவது என்று அரசாங்கத் துறை செல்லாயியிடம் கேட்டது. கடலோடு மல்லுக்கட்டாமல் கொஞ்சம் உள்ளே தள்ளிப் போடுவதுதான் நல்லது. முன்னால் விட்ட இடத்தில் சேறு படியும், மரம் திரும்ப முளைக்கும். அதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. எவ்வளவு தள்ளுவது என்பதில்தான் வினை.

அந்தக் காலத்தில்தான் வெளிநாட்டு அறிஞர்கள் சிலர் புதிதாக ஒன்றைச் சொல்லத் தொடங்கியிருந்தார்கள். காற்று சூடாகிக்கொண்டு வருகிறது. சூடானால் கடல் விரியும், பனிமலை உருகும், நீர்மட்டம் ஏறும். ஒரு மாநாட்டில் அதைக் கேட்டுவிட்டு வந்த செல்லாயி பல நாள் யாரோடும் சரியாகப் பேசவில்லை. கரை என்பது ஐம்பது வருடம் நிற்க வேண்டிய பொருள். கடல் ஏறினால் அரிப்பும் கூடும். அப்படியென்றால் அதற்கும் சேர்த்தல்லவா பின்னால் தள்ள வேண்டும்?

கணக்குப் போட்டார். கடல் இன்றுள்ள மட்டத்திலேயே இருக்கும் என்றால் புதிய கரை பத்துமலையின் தென்னைகளுக்கு முன்னால் நிற்கும், வீடு தப்பிவிடும். ஏறும் என்றால் இன்னும் ஒரு பந்துத் திடல் அகலம் உள்ளே போக வேண்டும். அந்த அகலத்துக்குள்தான் அக்காவின் வீடும், இன்னும் ஏழெட்டு வீடுகளும் இருந்தன.

கட்டுமானப் பாடம் நடத்தும் கார்த்திகேசு நல்ல மனிதர். வரைபடத்தைப் பார்த்தார், விஷயம் புரிந்தது. “டாக்டர், அந்தக் கூடுதல யாரும் உங்ககிட்ட கேக்கல. எடுத்துட்டா ஏன்னு கேக்கவும் ஆளில்ல. நாட்டுல வேற எவனும் அதச் சேக்கலயே” என்றார்.

“எனக்குத் தெரிஞ்சிபோச்சே, கார்த்திகேசு.”

“தெரியுமா, நெனைக்கிறீங்களா?”

செல்லாயியின் கண்கள் வரைபடத்துக்குள் இறங்கிவிட்டன. கடலுக்குப் போய்விட்டிருந்தார்.

செய்தி எப்படியோ கசிந்தது. ஒருநாள் பத்துமலை பேருந்து ஏறி ஈப்போவுக்கே வந்துவிட்டார். முத்து முகம்மதுவின் கடையில் மைத்துனிக்கு எதிரே உட்கார்ந்து, தொப்பியை மடியில் வைத்துக்கொண்டார்.

“உங்கக்கா கேக்க மாட்டா. நான் கேக்குறேன் பாப்பா. கொஞ்சம் நகத்திப் போடக் கூடாதா?”

“நகத்துனா, உள்ள இருக்கிற அத்தன பேருக்கும் நாளைக்கு ஆபத்து மாமா.”

“கடலு நெசமாவே ஏறுமா?”

“ஏறும்னுதான் தோணுது. நிச்சயமாச் சொல்ல முடியாது.”

பத்துமலை நிமிர்ந்தார். “நிச்சயமில்லாத ஒண்ணுக்கா என் வீட்டத் தள்ளுற?”

அதில் ஏளனம் இல்லை, கோபம்கூட இல்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார். செல்லாயியிடம் பதில் இருந்தது. நிச்சயமில்லாததற்கும் சேர்த்தே கரை போட வேண்டும் என்று மாநாடுகளில் சொல்கிற பதில்தான். அதை அந்த மேசையில் வைக்க அவருக்கு நா எழவில்லை. பத்துமலை கிளம்பிப் போன பிறகும் செல்லாயி அங்கேயே உட்கார்ந்திருந்தார். அன்றைக்கு முத்து முகம்மது தேடி வந்தவர்களிடம், “டாக்டரம்மா இங்கதான் இருக்காங்க. ஆனா இன்னிக்கிப் பேச வேணாம்” என்று சொல்லி அனுப்பிவிட்டார்.

வரைபடத்தில் கரையின் கோடு மாறவில்லை. கம்பத்துப் பள்ளிக்கூடத்தில் கூட்டம் போட்டார்கள். அதிகாரி தாமே அறிவிப்பதாகச் சொன்னார், செல்லாயி ஒப்பவில்லை. மலாயிலும் தமிழிலும் தாமே எழுந்து விளக்கினார். வீடு போகிறவர்களுக்குக் கரைக்கு உள்ளே மாற்று மனை உண்டு என்றும் சொன்னார். கடைசி வரிசையில் வீரம்மா எழுந்தாள்.

“ஏன் பாப்பா, எங்க வீடு கரைக்கு எந்தப் பக்கம்?”

“கடல் பக்கம்க்கா.”

“கோடு போட்டது யாரு?”

“நான்தான்.”

“சரி” என்றாள் வீரம்மா. முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு வெளியே போய்விட்டாள். அவள் கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று செல்லாயிக்கு இன்றும் தோன்றும்.

புதிய கரை எழும்பியது. மற்றவர்கள் உள்ளே போனார்கள். வீரம்மா நகரவில்லை, இரண்டு கரைகளுக்கும் நடுவே அவள் வீடு மட்டும் தனியாக நின்றது. மாதம் ஒருமுறை, கடல் வற்றும் நேரத்தில், செல்லாயி வழக்கம்போலக் கழியோடு வருவார். காற்சட்டையை முழங்காலுக்கு மேல் சுருட்டிக்கொண்டு சேற்றில் இறங்குவார். சேறு வானத்தை வாங்கிக்கொண்டு பளபளக்கும். கொக்குகள் மேகத்தின் மேல் நடப்பதுபோலத் தெரியும். அவ்வளவு தூரத்திலிருந்தும் அக்காவின் அடுப்புப் புகை மூக்குக்கு வரும். என்ன குழம்பு என்றுகூடச் சொல்லிவிடலாம். கொல்லையில் துணி காயப்போடும் அக்கா தலை நிமிர மாட்டாள். செல்லாயி கரையேறி, காருக்குள் உட்கார்ந்து, ஈப்போவிலிருந்து கொண்டுவந்த பொட்டலச் சோற்றைப் பிரித்துச் சாப்பிடுவார். ஒன்றே கால் வருடம் இப்படிப் போயிற்று.

பிறகு ஒரு பெரிய நீர்ப்பெருக்கில் பழைய கரை ஓரிடத்தில் சரிந்தது. பட்டப்பகல். ஆர்ப்பாட்டம் எதுவும் இல்லை. கடல் வாசல்வரை வந்து, கோழிக்கூண்டைச் சுற்றிப் பார்த்துவிட்டு, சாயங்காலத்துக்குள் திரும்பிப் போய்விட்டது. வீரம்மா அதற்கு அசையவில்லை. சில வாரங்கள் கழித்து ஒரு காலை, கிணற்றில் இறைத்த தண்ணீரை வாயில் வைத்தாள், துப்பினாள். கரித்தது. வாளியைக் கவிழ்த்து வைத்துவிட்டு, “பலகையப் பிரிங்க” என்றாள் புருஷனிடம்.

செல்லாயிக்கு யாரும் சொல்லி அனுப்பவில்லை. அந்த மாத வேலைக்கு வந்தபோது, வீட்டின் ஒரு சுவர் காணாமல் போயிருப்பதைப் பார்த்தார். காரை நிறுத்தினார். கைக்கடிகாரத்தைக் கழற்றிக் காருக்குள் வைத்தார். நேராகப் போய், பத்துமலை தூக்கிக்கொண்டிருந்த பலகையின் மறுமுனையைப் பிடித்தார். மத்தியானம்வரை மூன்று பேருக்கும் அதே வேலைதான். பலகைகளைச் சுமந்து புதிய கரையில் ஏறுவதும், உள்ளே இறங்கி மனையில் அடுக்குவதுமாக இருந்தார்கள். செல்லாயி ஒரு துருப்பிடித்த ஆணியோடு போராடிக்கொண்டிருந்தபோது, பின்னால் அக்காவின் குரல் கேட்டது.

“பாத்து எடு. கையக் கிழிச்சிக்காத.”

செல்லாயி திரும்பவில்லை. ஆணி சட்டென்று மங்கலாகிவிட்டது. கொஞ்ச நேரம் அதைத் தடவித் தடவித்தான் தேடினார்.

அடுத்தடுத்த விடுமுறை நாள்களில் புது வீடு எழுந்தது. மேடான இடம், தூண்களும் உயரம். கூரை போட்டாகிவிட்டது, மூன்று சுவர் முடிந்திருந்தது. வேலைக்கு நடுவே மூவரும் வெறுந்தரையில் உட்கார்ந்து கறுப்புக் காப்பி குடித்தார்கள். கரைக்கு மேலே ஒரு பட்டையாகக் கடல் தெரிந்தது.

“நீ சொன்னபடியே ஆயிருச்சின்னு உனக்கு சந்தோஷமா இருக்கும்” என்றாள் வீரம்மா.

“இல்லக்கா. இது பழைய கரை போனதால வந்தது. நான் சொன்னது இன்னும் வரல.”

“இன்னும் வரலியா!” வீரம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. காப்பியைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள். சிரித்து முடித்ததும், “வந்தா இங்கயும் வருமா?” என்று கேட்டாள்.

இல்லை என்று சொல்ல எவ்வளவு ஆசையாக இருந்தது! “வரலாம்க்கா. நமக்கெல்லாம் பொறவு.”

வீரம்மா கடற்பக்கம் பார்த்தாள். தூரத்தில் சேறும் வானமும் ஒன்றாகக் கலந்திருந்தன. பழைய மனை இருந்த இடத்தில் சின்னச் சின்னதாய் ஏதோ பச்சை.

“அப்படின்னா ஜன்னல அந்தப் பக்கமே வைங்க” என்றாள். “வர்றது யாருன்னு பாத்துக்கிட்டே இருக்கலாம்.”

“எவ்ளோ பெருசுக்கு?” என்றார் பத்துமலை, ரம்பத்தைக் கையில் எடுத்தபடி.

செல்லாயி எழுந்தார். நான்காவது சுவர் இன்னும் வராத இடத்தில், காற்றுக்கு முகம் கொடுத்து நின்று, இரண்டு கைகளையும் எட்டிய மட்டும் விரித்தார்.

“அம்மாடி, அவ்ளோ பெருசாவா?” என்றார் பத்துமலை.

செல்லாயி கைகளை இறக்கவில்லை.