அத்தான் இழுத்துப் பார்த்த கம்பி

போன வாரம்வரை என் எழுதுமேசையில் நான்கு இரும்புத் துண்டுகள் கிடந்தன. இப்போது இரண்டுதான். ஒவ்வொன்றும் ஒரு சாண் நீளம், சுண்டுவிரல் கனம், உடம்பெல்லாம் வரிவரியாக முண்டு. வீட்டுக் கூரைக்குள் போடுகிற சாதாரணக் கம்பிதான். ஒரு முனை அறுக்கப்பட்டது. மறுமுனை எந்திரத்தில் இழுபட்டுத் தானாகப் பிரிந்தது. பிரிந்த இடத்தைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். கம்பி அங்கே முதலில் இடுப்பு சிறுத்து மெலிந்து, எவ்வளவோ பொறுத்துப் பார்த்து, அதன் பிறகுதான் விட்டுக்கொடுத்திருக்கிறது. ஒரு துண்டில் சின்னக் கிண்ணம் போலக் குழி, அதன் ஜோடியில் அந்தக் குழிக்குள் போய் உட்காருகிற மேடு. எந்தத் துண்டு எதனுடைய ஜோடி என்று கண்ணை மூடிக்கொண்டே சொல்லிவிடுவேன். எந்த ஜோடி எங்கிருந்து வந்தது என்று கேட்டால் மட்டும் தெரியாது. அதைத்தான் மருமகன் கேட்டான்.

மருமகன் என்றால் என் அக்கா மகன். வடக்கே ஒரு பொதுத்துறை உருக்காலையில் இன்ஜினியர். லீவுக்கு வருவதற்கு முன்பே போனில் சொல்லிவிட்டான். “மாமா, அப்பா கடைசி நாள் வேலையில இழுத்த கம்பி உங்ககிட்டதானே கெடக்கு? இந்தத் தடவை நான் கொண்டு போறேன். எங்க கம்பி மில்லை நிறுத்தப் போறதாப் பேச்சா இருக்கு. ஒரு ஞாபகத்துக்கு.” வா, எடுத்து வைக்கிறேன் என்றேன். சொன்ன பிறகுதான் மேசையைப் பார்த்தேன்.

அத்தான் வாழ்நாள் முழுக்க அதே ஆலையின் சோதனைக்கூடத்தில் இருந்தவர். ஆலையில் உருவாகி வரும் உருக்கிலிருந்து ஒரு துண்டு வெட்டி, எந்திரத்தின் இரண்டு தாடைகளுக்கு நடுவே மாட்டி, அறுபடும்வரை இழுக்க வேண்டும். எவ்வளவு தாங்கிற்று, எவ்வளவு நீண்டது என்று பார்க்க வேண்டும். “ஊரு பூரா உருக்கு செய்யுது மாப்ள, நான் ஒருத்தன் அதைப் பிய்க்கதுக்குச் சம்பளம் வாங்குதேன்” என்பார். அக்கா கல்யாணத்துக்கு மறுநாள் எங்கள் வீட்டில் மறுவீட்டு விருந்து. தேங்காய்ப்பால் சொதி விட்டுச் சாப்பிட்டுக்கொண்டே, புது மாப்பிள்ளை என்கிற கூச்சமில்லாமல், ஒரு நாடு எப்படி இருக்கிறது என்று தெரிய வேண்டுமானால் தலைக்கு எத்தனை கிலோ உருக்கு செலவாகிறது என்று பார்த்தால் போதும் என்று ஆரம்பித்துவிட்டார். தாலுகா ஆபீஸ் தலைமை எழுத்தரான என் அப்பா, பரிமாறுகிறவரைக் கைகாட்டி நிறுத்தினார். “நம்ம வீட்ல தலைக்கு எத்தனை கரண்டி சொதி செலவாவுதுன்னுதான் நான் பாத்துக்கிட்டு இருக்கேன், மாப்பிள்ளை. இலையைக் காட்டுங்க.” பந்தியே சிரித்தது. எல்லாரையும்விட உரக்கச் சிரித்தவர் அத்தான்தான்.

லீவுக்கு வந்தால் என்னையும் கூட்டிக்கொண்டு சுற்றுவார். பாபநாசத்துக்குப் போனால் எல்லாரும் அருவியில் நிற்க, இவர் ஈரத்துண்டோடு அணையின் ஷட்டரைப் பார்த்துக்கொண்டு நிற்பார். அந்தத் தண்ணீரைப் பிடித்து வைத்திருப்பது எது என்று என்னைக் கேட்பார். ஆற்றுப்பாலத்தில் ரயில் போனால் பேச்சை நிறுத்திவிட்டு அது முழுக்கக் கடந்து போகும்வரை கேட்பார். பிறகு சொல்வார்: “இதெல்லாம் சும்மா வந்துரலை மாப்ள. லாபம் வருமா வராதான்னு தெரியாத காலத்துல சர்க்காரு காட்டை வெட்டி ஊதுலை வச்சுது. ஊதுலைன்னா கல்லையும் கரியையும் உள்ள கொட்டி இரும்பா இறக்குத அடுப்பு. அதை அணைக்கவே கூடாது. எங்க ஊர்ல அது எரியுதுன்னாத்தான் இங்க ரயிலு ஓடுது.” இதைக் கேட்டால் அப்பாவுக்குப் பொறுக்காது. “அடுப்பு எரியட்டும் மாப்பிள்ளை. நட்டம் வந்தா விறகு எங்க வரிப்பணத்துலதானே வருது?” இரண்டு பேரில் யார் சொல்வது சரி என்று எனக்கு அப்போது தெரியவில்லை. வயதானால் தெரிந்துவிடும் என்று நினைத்திருந்தேன். தலை நரைத்தது, அவ்வளவுதான்.

ஓய்வுபெற்று அத்தானும் அக்காவும் பாளையங்கோட்டைக்கு வந்து மாடி வீடு ஒன்றில் வாடகைக்கு இருந்தார்கள். செங்குத்துப் படி. அக்காவுக்கு இரண்டு முழங்காலும் போய்விட்டது. ஒரு கையால் சுவரையும் மறுகையால் முழங்காலையும் பிடித்துக்கொண்டு ஏறுவாள். மேலே வந்தால் பேச்சு வர நேரமாகும். பிறகு இறங்குவதையே விட்டுவிட்டாள். கோயில் இல்லை, கல்யாண வீடு இல்லை. பெருமாள்புரம் பக்கம் அத்தான் வாங்கிப் போட்டிருந்த மனையில், தரையோடு தரையாக ஒரு வீடு. அவள் கேட்டது அது ஒன்றுதான். அஸ்திவாரம் தோண்டினார்கள். அதோடு வேலை நின்றது. அத்தானுக்குத் தன் ஆலைக் கம்பிதான் வேண்டும்.

இரும்புக்கடை அண்ணாச்சி பொறுமைசாலி. அத்தானுக்கு ஸ்டூல் போட்டு, டீ சொல்லிவிட்டுத்தான் பேசுவார். “உங்க ஆலைக் கம்பி இந்தப் பக்கம் வரத்தே இல்லை அண்ணாச்சி. வந்தாலும் பாலம் கட்டுதவன் லோடோட தூக்கிட்டுப் போயிருதான். இதைப் பாருங்க. தூத்துக்குடி ஹார்பர்ல வெளிநாட்டுப் பழைய இரும்பு வந்து இறங்குதுல்லா, அதை உருக்கி நம்ம பக்கத்துலயே கம்பியாக்குனது. விலையும் சல்லிசு. ஊரே இதைத்தான் போடுது.” அத்தானுக்கு முகம் சிவந்துவிடும். “எவன் நாட்டுக் குப்பையையோ உருக்கி என் பொஞ்சாதி தலைக்கு மேல போடச் சொல்லுதீரா?” அண்ணாச்சி அசரமாட்டார். “குப்பைன்னு உருக்குக்குத் தெரியுமா? டீ ஆறுது, குடிங்க.”

அஸ்திவாரக் குழியில் மழைத் தண்ணீர் நின்றது. தவளை கத்தியது. அத்தான் காத்திருந்தார்.

இதற்கு நடுவே அங்கே ஆலை நொடித்துக்கொண்டிருந்தது. வெளிநாட்டு உருக்கு மலிவாக வந்து இறங்குகிறது, விலை நிற்கவில்லை, சம்பளம் பாதிப் பாதியாக வருகிறது, விற்றுவிடப் போகிறார்களாம் என்று மருமகன் ஒவ்வொரு ஞாயிறும் போனில் சொல்வான். அத்தான் இங்கிருந்தே ஓய்வுபெற்றவர்களைச் சேர்த்துக்கொண்டு, இறக்குமதிக்கு வரி போடச் சொல்லி மனுவுக்கு மேல் மனு எழுதினார். வரி போடப் போகிறார்கள் என்று பேச்சு அடிபட்டாலே போதும், இங்கே கடையில் எல்லாக் கம்பியும் விலை ஏறிவிடும். எதிரே பட்டறை வைத்து இரும்புக் கேட்டும் கிரில்லும் செய்கிறவர் அத்தானைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்ள ஆரம்பித்தார். ஒருநாள் நான் இருக்கும்போதே அக்கா கேட்டாள். கோபமில்லை. கணக்குப் புரியாத பிள்ளை கேட்கிற மாதிரிதான் கேட்டாள். “அப்போ மகனுக்குச் சம்பளம் வரணும்னா எனக்கு வீடு வரக் கூடாது. அப்படித்தானே? ஏலே, நீதான் எழுத்தெல்லாம் எழுதுதியே, நீயாவது சொல்லு.” நான் ஜன்னலைப் பார்த்தேன். அத்தான் அவளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், கையிலிருந்த மனுவைப் பார்த்தார்.

அந்த வருஷ லீவுக்கு வந்த மருமகன் இன்னும் குழப்பினான். ஊதுலைக்கு இனி அவ்வளவு காலம் இல்லை என்றான். அது கக்குகிற புகைக்கு உலகம் விலை கேட்க ஆரம்பித்துவிட்டது. பழைய இரும்பை மின்சாரத்தில் உருக்குவதுதான் வருங்காலம். அந்த மின்சாரமும் காற்றிலும் வெயிலிலும் வரவேண்டும் என்றான். “நம்ம ஊரைச் சுத்தி நிக்குதே காத்தாடி, அதுல ஓடுத உலைதான் இனிமே ஜெயிக்கும்ப்பா.” அப்படியானால் அத்தான் குப்பை என்று தள்ளியதுதான் நாளைக்கு நிற்கப் போகிறது. ஆனால் அந்தக் காற்றாடிக் கம்பங்களுக்கு உருக்கு எங்கிருந்து வந்தது என்று அத்தான் திருப்பிக் கேட்டார். “உருக்குததுக்குப் பழைய இரும்பு வேணும்லா? முதல்ல ஒருத்தன் புது இரும்பு செஞ்சாத்தானேலே அது பழசாவும்?” ஒரு ஆள் பேசும்போது அவர் சொல்வது சரியாக இருக்கிறது. அடுத்த ஆள் வாயைத் திறந்ததும் அதுவும் சரியாகிவிடுகிறது. ஆற்றில் இறங்கி நிற்கிறவனுக்குக் காலடி மணல் பைய நழுவுமே, அப்படி இருந்தது எனக்கு.

பிறகு அத்தானே ஒரு முடிவுக்கு வந்தார். ஒரு இன்ஜினியரிங் கல்லூரிச் சோதனைக்கூடத்தில் அனுமதி கேட்டு வைத்துக்கொண்டு, அண்ணாச்சி கடைக் கம்பியில் ஒரு துண்டு வெட்டச் சொல்லி, என்னையும் அழைத்துக்கொண்டு போனார். அது தோற்கும், தோற்றதும் அக்காவிடம் காட்டிவிடலாம் என்று நினைத்திருந்தார் போல. நன்றாகத் தேய்த்த வெள்ளைச் சட்டை. பஸ்ஸில் மடியில் கம்பியைக் கிடத்தி, கல்யாணத்துக்குப் போகிறவர் மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார்.

எந்திரம் இரைச்சலில்லாமல் இழுத்தது. கம்பி சும்மா நின்ற மாதிரிதான் இருந்தது. அதன் மேலிருந்த சாம்பல் தோல் மட்டும் பொடிப்பொடியாக உதிர்ந்தது. அங்கிருந்த பையன்கள் எண் ஏறுவதைப் பார்த்தார்கள். அத்தான் எண்ணைப் பார்க்கவில்லை, கம்பியைப் பார்த்தார். நான் அத்தானைப் பார்த்தேன். விடு, விடு என்று அந்த முகம் கேட்டுக்கொண்டிருந்தது. திடீரென்று அந்த முகமே மாறி, தாங்கு, தாங்கு என்று கேட்டது. கேட்டது அப்படித்தான், என் கண்ணை நான் நம்புகிறேன். கம்பி இடுப்பு சிறுத்து, வெடி போட்ட மாதிரி ஒரு சத்தத்தோடு பிரிந்தது. அத்தான் துண்டை எடுத்து என் கையில் வைத்தார். “பிரிஞ்ச இடத்தைத் தொட்டுப் பாரும். சுடும்.” உயிருள்ளது போலச் சூடாக இருந்தது. அவர் இரண்டு துண்டையும் சேர்த்துப் பொருத்தி, வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கிண்ணமும் மேடும். குறை சொல்ல ஒன்றுமில்லை. “நல்லாத்தான் இருக்கு மாப்ள” என்றார்.

பஸ்ஸிலேயே திரும்பினோம். கூட்டமெல்லாம் இறங்கிய பிறகு, முன் சீட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, என்னைப் பார்க்காமல் கேட்டார்: “அப்போ நாங்கள்லாம் எதுக்குவே இருந்தோம்?”

நான் ஏதாவது சொல்லியிருக்கலாம். என்ன சொல்லியிருக்கலாம் என்று இன்றைக்கும் ஒவ்வொரு விதமாகத் தோன்றுகிறது. நீங்கள் இருந்ததால்தான் மற்றவன் விலையை ஏற்றப் பயந்தான் என்று சொல்லியிருக்கலாம். ஒன்றுமில்லாத காட்டில் ஊரும் பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் வந்ததே, அது எந்தச் சோதனையில் தெரியும் என்று கேட்டிருக்கலாம். அல்லது, உங்கள் காலம் உங்களோடு முடிந்தது, அதில் அவமானம் ஒன்றும் இல்லை என்று சொல்லியிருக்கலாம். நாளைக்கே கடல் வழி அடைபட்டு, வெளியிலிருந்து ஒரு கிலோ இரும்பு வராமல் போனால் இந்த நாடு யாரிடம் போய் நிற்கும்? அந்தப் பயத்துக்காக எத்தனை அக்காக்கள் எத்தனை வருஷம் மாடிப்படி ஏற வேண்டும்? நான் அன்றைக்கு டிக்கெட்டைச் சுருட்டிக்கொண்டிருந்தேன்.

அந்த வாரமே அண்ணாச்சி கடைக் கம்பி மனையில் வந்து இறங்கியது. கூரைக்குக் கான்கிரீட் போட்ட அன்று கம்பி கட்டுகிறவர்களை அத்தான் படுத்திய பாடு கொஞ்சமில்லை. ஒரு முடிச்சு தளர்ந்திருந்தாலும் அவிழ்த்துக் கட்டச் சொன்னார். குடி புகுந்த அன்று அக்கா வாசல் வழியாகச் சும்மா உள்ளே போய் வெளியே வந்தாள், மறுபடி உள்ளே போனாள். படியே இல்லாத வாசல். அத்தானுடைய மனுக்களும் நிற்கவில்லை. வெளிநாட்டுப் பழைய இரும்பில் செய்த கூரைக்குக் கீழே உட்கார்ந்துகொண்டு, தன் ஆலையைக் காப்பாற்றச் சொல்லி அவர் எழுதிக்கொண்டிருந்தார். இது பொருந்தவில்லையே என்று அப்போது நினைத்தேன். இப்போது அப்படி நினைக்க முடியவில்லை.

கடைசி நாள் ஆலையில் இழுத்த ஜோடியையும், கல்லூரியில் இழுத்த ஜோடியையும் என் வீட்டில் கொண்டுவந்து வைத்தவர் அவர்தான். கூரைக்குள் கிடக்கிற கம்பி போதும், மேசையில் வேறு வேண்டாம் என்று அக்கா சொல்லிவிட்டாளாம். வெள்ளிக்கிழமைதோறும் வருவார். தையல் மெஷின் எண்ணெயை ஒரு சொட்டு விட்டுத் துணியால் துடைப்பார். நான்கையும் துடைப்பார். எது எது என்று அவருக்குத் தெரியும். நான் கேட்டதில்லை, கேட்க வேண்டிய ஒன்றாகத் தோன்றவே இல்லை. பிறகு ஒரு வெள்ளிக்கிழமை அவர் வரவில்லை. அந்த வாரம் அவரைத் தாமிரபரணிக் கரைக்குக் கொண்டுபோனோம்.

மருமகன் வந்து ஜன்னலோரம் உட்கார்ந்து நான்கையும் திருப்பித் திருப்பிப் பார்த்தான். ஆலைப் பெயர் பொறித்திருக்கும் இடம் எந்தத் துண்டிலும் வரவில்லை. துரு பார்த்தான், இல்லை. முகர்ந்து பார்த்தான். சிரித்துவிட்டான். “ரெண்டையும் ஒண்ணுபோலப் பேணி வச்சிருக்காரே மாமா. ஒண்ணையாவது துருப்பிடிக்க விட்டிருக்கக் கூடாதா?” கடைசியில் ஒரு ஜோடியை எடுத்துக் கைக்குட்டையில் சுற்றினான். வாசல்வரை போனவன் திரும்பி வந்தான்.

“மாமா, இது எங்களுது இல்லேன்னா?”

“இல்லேன்னா என்னலே?”

கொஞ்சம் யோசித்தான். “எங்களுதுன்னுதான் அங்க சொல்லுவேன். எங்க சோதனைக்கூடத்துல எவனாலயும் இல்லைன்னு சொல்ல முடியாது.” சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

அவன் ரயில் கிளம்பியிருக்கும் நேரம் மேசையில் மிஞ்சிய இரண்டு துண்டையும் எடுத்துச் சேர்த்துப் பார்த்தேன். மேடு குழிக்குள் போய் உட்கார்ந்தது. பிரிந்த இடம் தலைமுடி கனத்துக்கு ஒரு கோடாகத்தான் தெரிந்தது. அன்றைக்கு வெள்ளிக்கிழமை. அலமாரியிலிருந்து எண்ணெயை எடுத்து ஒரு சொட்டு விட்டேன். யாருடைய கம்பி என்று தெரியாமலே துடைத்துக்கொண்டிருந்தேன்.