மடியும் வரிசையும்

தேர்தலைப் பற்றி எழுத இரவு ரயிலில் வந்த என் தூங்காத கண்களுக்கு வலியசாலைத் தெரு பாதிக் கனவாகத் தெரிகிறது. காலைப் பனி இன்னும் விலகவில்லை. கோயில் நாதஸ்வரம் தண்ணீருக்கு அடியிலிருந்து கேட்பதுபோல் இருக்கிறது. திருவனந்தபுரத்தில் இன்று முதல்முறையாக எல்லாருக்கும் ஓட்டு. பள்ளிக்கூட வாசலில் பெண்களின் வரிசை பனிக்குள் வளைந்து போய் மறைகிறது.

வரிசையில் ஒரு மாமி குளித்த ஈரப் புடவையோடு மடியாக நிற்கிறாள். முன்னால் இருப்பவள் மீன்காரி. அவள்மேல் பட்டுவிடக் கூடாதென்று மாமி தள்ளித் தள்ளி நிற்க, அந்த இடைவெளியில் யாராவது புகுந்துகொண்டே இருக்கிறார்கள். மாமிக்குப் பின்னால் அவள் மகள் தலையில் அடித்துக்கொள்கிறாள்.

"அம்மாவுக்கு இதுதான் முதல் ஓட்டா?" என்று மகளிடம் கேட்கிறேன்.

"அம்மா பழைய ஆளாக்கும். வரி கட்டற பொம்மனாட்டிகளுக்கு ஓட்டு வேணும்னு அந்தக் காலத்துலயே சண்டை போட்டவ. எனக்கு ஏது நிலம், ஏது வரி? எல்லாருக்கும் வேணும்னு நான் ஊர்வலம் போனேன். 'எல்லாருக்குமா?'ன்னு கேட்டா. அப்புறம் ஒரு மாசம் எங்கிட்ட பேசலை, கேட்டேளா."

பனி விலகி வெயில் ஏறுகிறது. நாங்கள் பேசி முடிப்பதற்குள் இன்னும் இரண்டு பேர் நடுவில் புகுந்துவிட்டார்கள். மாமி வாசலைப் பார்க்கிறாள், வெயிலைப் பார்க்கிறாள். பிறகு விறுவிறுவென்று நடந்து, புகுந்தவர்களை விலக்கிவிட்டு, மீன்காரியின் முதுகோடு ஒட்டி நிற்கிறாள்.

"அம்மா, மடி!" என்கிறாள் மகள்.

மாமி திரும்பவில்லை.

"மடி குளிச்சா வந்துடும்டி. ஓட்டு வருமோ?"