தேசிக்காய் விடாத இஞ்சித் தேநீர்

நாக்கின் இடது ஓரத்தில் ஒரு சிறு புண். பல் குத்தியிருக்கும் என்று பேசாமல் இருந்துவிட்டேன். பயொப்சி (புண்ணில் சிறு துண்டு எடுத்துச் சோதிப்பது) செய்த பிறகுதான் புற்றுநோய் என்றார்கள். மட்டக்களப்பில் தங்கிக் கதிர்ச்சிகிச்சையை முடித்துக்கொண்டு லிங்கநகர் வீட்டுக்குத் திரும்பினோம்.

சிகிச்சையோடு வேதனையும் முடியும் என்று நம்பியிருந்தேன். நீங்கள் அப்படி நம்பிவிடாதீர்கள். மியூகோசைட்டிஸ் (கதிர்பட்டு வாயின் உட்தோல் வெந்து புண்ணாவது) அதன் பிறகும் சில கிழமைகள் நிற்கும். உமிழ்நீர் வற்றிவிடும். கஞ்சிகூட மண்ணாகத்தான் இருக்கும்.

அந்த நாட்களில்தான் என் கணவர் குசினிக்குள் வந்தார். துறைமுகத்தில் இழுவைப்படகு ஓட்டி ஓய்வுபெற்றவர். எத்தனையோ கப்பலைக் கரைக்குக் கொண்டுவந்தவருக்குச் சீனிப்போத்தல் இருக்கும் இடம் தெரியாது. எனக்கு இஞ்சித் தேநீர் விருப்பம் என்பது மட்டும் தெரியும். கைபேசியில் பார்த்து இஞ்சியைத் தட்டிக் கொதிக்கவைத்து, தோடம்பழத் தோல் ஒரு சீவல் போட்டு, இறக்கி வடித்த பிறகு தேசிக்காய்ப் புளி (எலுமிச்சைச் சாறு) விட்டுக் கொண்டுவந்தார்.

முதல் மிடறிலேயே வாய் முழுக்க நெருப்பு.

“எப்பிடி இருக்கு?”

“நல்லா இருக்கு.”

“எரியேல்லையே?”

“இல்லை. குடிக்கலாம்.”

கலியாணம் முடித்து இத்தனை வருடத்தில் அவர் எனக்குப் போட்ட முதல் தேநீர். தோளில் துவாயுடன் நின்ற அந்த மனிதரிடம் வேறு என்ன சொல்வது? நல்லா இருக்கு என்றதற்குப் பரிசாக மறுநாள் புளி கூடியது. அவர் அங்கால் திரும்பும்போதெல்லாம் கண்ணைத் துடைத்துக்கொண்டு குடித்தேன்.

மட்டக்களப்புக் கிளினிக்கில் டொக்டர் என் வாயைப் பார்த்து முகம் சுளித்தார். “ஆற வேண்டிய புண் கூடியிருக்கு அம்மா. புளி ஏதும் குடிக்கிறீங்களோ?”

நான் வாய் திறக்குமுன் இவர் பெருமையாகச் சொன்னார். “ஓம் டொக்டர், நான்தான் காலமையும் பின்னேரமும் இஞ்சியும் தேசிக்காயும் போட்டுக் குடுக்கிறனான்.”

“ஐயோ, இந்த வாய்க்கு அது ஏலாது ஐயா. உடன நிப்பாட்டுங்கோ.”

நிறையும் குறைந்திருந்ததால் மூக்குவழிக் குழாய் (வயிற்றுக்கு நேரே உணவு செலுத்தும் மெல்லிய குழாய்) போட்டார்கள். திரும்பும் வழியில் கிண்ணியாப் பாலத்தில் வைத்து இவர், “எரியுதெண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே,” என்றார். அதன்பின் அவர் குசினிப் பக்கமே போகவில்லை. குழாயின் வலியைவிட அதுதான் எனக்கு வலித்தது.

இதை வாசிக்கிற உங்களிடம் கேட்பது ஒன்றுதான். எரிந்தால் எரிகிறது என்று சொல்லுங்கள். அன்பாகத் தருபவரிடம் முதலில் சொல்லுங்கள்.

குழாய் எடுத்து ஒரு வருடமாகிவிட்டது. என் வாய்க்கு இப்போது தனிக் கணக்கு. இரண்டு இடியப்பம் இறங்குவதற்குள் மற்றவர்கள் சாப்பிட்டுக் கைகழுவி, கோப்பைகளையும் கழுவிவிடுவார்கள். அவசரம் என்பதே எனக்கு மறந்துபோயிற்று. ருசிகள் ஒவ்வொன்றாகத் திரும்பின, புளிப்புக் கடைசியாக.

போன கிழமை, “ஒரு இஞ்சித் தேத்தண்ணி போட்டுத் தாங்கோவன்,” என்று இவரிடம் கேட்டேன். எழும்பிக் குசினிக்குப் போனார். வந்த தேநீரில் வெறும் இஞ்சி.

“கொஞ்சம் தேசிக்காய் விடுங்கோ. இப்ப எரியாது.”

அவர் கதிரையை இழுத்து எனக்கு முன்னால் போட்டு அமர்ந்தார்.

“அப்பவும் உப்பிடித்தானே சொன்னனீர்,” என்றார்.