இஸ்திரி அக்கா சொல்லாத பதில்

எங்கள் ஊரில் குரலைக் குப்பியில் அடைத்து வைக்கலாம். வாயருகே பிடித்துப் பேசிவிட்டுச் சட்டென்று தக்கை போட்டால் போதும். திறந்தால் பேசும், பேசி முடித்ததும் மறுபடி உள்ளே போய் உட்கார்ந்துகொள்ளும். குப்பிக் கடையில் முப்பது வருஷமாகத் தக்கை போடுகிறவன் நான். இஸ்திரி அக்காவின் வாழ்க்கையை எழுத எனக்கு என்ன யோக்கியதை என்று கேட்டால், ஒன்றும் இல்லை. ஒரு உண்மை எனக்கு மட்டும்தான் தெரியும், அதனால் எழுதுகிறேன்.

அக்கா ஒரு தங்கும் விடுதியின் பின்னறையில் படுக்கை விரிப்புகளுக்கும் வெளியாட்களின் சட்டைகளுக்கும் இஸ்திரி போட்டவர். பதினாறு வயதில் ஒரு மாதத்துக்கென்று வந்தவர், நாற்பத்தொரு வருஷம் அதே மேஜை முன்னால் நின்றார். இஸ்திரி போட்ட சட்டை மத்தியானத்துக்குள் கசங்கிவிட்டது என்று ஒரு நாள் ஒரு கல்லூரிப் பேராசிரியர் வந்து கத்தினாராம். "கசங்கினா எங்கயோ உக்காந்து எந்திரிச்சிருக்கீங்கன்னு அர்த்தம். கசங்காத சட்டை பீரோவுலதான் இருக்கும்" என்றார் அக்கா. மறுநாள் பேராசிரியர் அந்தப் பதிலை அடைத்துக்கொண்டு போகக் கையில் குப்பியோடு வந்து நின்றார். எங்கள் ஊருக்கு ஒரு தத்துவவாதி கிடைத்தது அப்படித்தான்.

பிறகு ஊரே கேள்வி கேட்க ஆரம்பித்தது. கேள்வியைச் சீட்டில் எழுதிக் கடையில் கொடுப்பார்கள். சீட்டையும் காலிக் குப்பியையும் நான் அக்காவிடம் கொண்டுபோய், சீட்டைப் படித்துக் காட்டுவேன். இஸ்திரிப் பெட்டி சூடாகும் நேரத்தில் அவர் பதிலைச் சொல்லித் தக்கையைச் சொருகி வைப்பார். சாயங்காலம் எடுத்து வந்து நான் இறுக்குவேன். தான் பட்டுத் தெரிந்துகொண்டதைத் தவிர வேறு எதையும் அவர் சொல்ல மாட்டார். பாதிக் குப்பிகளில் "எனக்குத் தெரியலைப்பா" என்றுதான் இருக்கும். அதையும் ஜனங்கள் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடினார்கள்.

ஒரு தையல்காரியின் சீட்டு வந்தது. வீட்டை விட்டு ஓடிப்போய், அம்மா செத்ததற்குக்கூட வராத தம்பி இப்போது வாசலில் வந்து நிற்கிறான், கதவைத் திறக்கலாமா என்று கேட்டிருந்தாள். அன்று அக்கா கொடுத்த குப்பியைக் கடையில் திறந்து பார்த்தேன். பேச்சே இல்லை. பெட்டி போய் வரும் சத்தமும் ஒரு பெருமூச்சும்தான். வேலை மும்முரத்தில் பேச மறந்து மூடிவிட்டார் என்று நினைத்தேன். திரும்பப் போக இரண்டு தெரு நடக்க வேண்டும். எனக்குச் சோம்பல். போதாததற்கு, அக்காவின் குரலை அச்சு அசலாகப் பேசிக் காட்டும் வித்தை வேறு எனக்கு வரும். டீ நேரத்தில் கடையே சிரிக்கும். உள்ளே இருந்த சத்தம் போகக் குப்பியை வெந்நீரில் கழுவினேன். "தெறக்காத. போனவன் போனவன்தான்" என்று அக்காவாகச் சொல்லித் தக்கையை அடித்தேன். நன்றாகத்தான் வந்திருக்கிறது என்று பெருமை வேறு பட்டுக்கொண்டேன்.

மறுநாள் அக்காவே கேட்டார்: "அந்தத் தையக்காரப் பொண்ணுக்குக் குப்பி போயிருச்சா? யோசிச்சுத்தான் சும்மா மூடிக் குடுத்தேன். என் தங்கச்சி வந்து நின்னப்ப நான் தெறக்கலை. இந்தப் பொண்ணுகிட்ட தெரியலைன்னு சொல்லக்கூட எனக்கு வாய் வரலை. அவ மனசு சொல்றது அவளுக்குக் கேக்கட்டும்."

தையல்காரி வீடு பத்து நிமிஷ நடை. ஓடியிருந்தால் அன்றே சரி செய்திருக்கலாம். அக்கா முகத்தில் எப்படி விழிப்பது என்ற பயத்தில், சரிக்கா என்று தலையாட்டிவிட்டு வந்தேன். என் பிழைப்பில் அதைவிடக் கேவலமான தலையாட்டல் இல்லை.

அந்த வருஷமே அக்கா போய்ச் சேர்ந்தார். ஊர் அவருக்குச் சிலை வைத்தது, எழுத்துக் கூட்டிப் படிக்கக்கூடத் தெரியாதவர் கையில் ஒரு தடித்த புத்தகத்தோடு. அடியில் எந்த வாசகத்தைச் செதுக்கினார்கள் என்கிறீர்கள்? போனவன் போனவன்தான். அதிகம் பிரதி எடுத்த குப்பியும் அதுதான். கல்லூரியில் அதற்கு மூன்று விதமாகப் பொருள் சொல்கிறார்கள். நான் கூனிக் குறுகி அந்தப் பக்கமாக நடந்து போவேன்.

போன மாதம் தையல்காரி கடைக்கு வந்தாள். பதினோரு வருஷம் தினமும் திறந்து மூடி அவள் குப்பியின் தக்கை தேய்ந்திருந்தது. "புதுத் தக்கை போட்டுக் குடுங்கண்ணே. தம்பிக்கு உடம்பு ரொம்ப முடியலையாம், மறுபடி வர்றேன்னு சொல்லி அனுப்பியிருக்கான். இதைக் கேட்டாத்தான் மனசு கெட்டியா இருக்கு" என்றாள்.

தலையைத் தூக்காமல் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் திட்டவில்லை. ஓர் அறை விட்டிருந்தால்கூட எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். குப்பியை என் வாயருகே பிடித்தாள்.

"அப்ப அதே குரல்ல 'தெற'ன்னு சொல்லுங்க. இந்தக் குரல் சொல்லிக் கேட்டுத்தான் எனக்குப் பழக்கம். நானா முடிவெடுக்க வர மாட்டேங்குது."

வாயைத் திறந்தேன். அக்காவின் குரல் வரவில்லை. என் குரலும் வரவில்லை. அவள் காத்திருந்து பார்த்துவிட்டு, குப்பியை மேஜையிலேயே வைத்துவிட்டுப் போய்விட்டாள்.

தம்பி வந்தானா, அவள் திறந்தாளா என்று எனக்குத் தெரியாது. அவள் வீட்டு வழியாக வந்தால் என் வீட்டிலிருந்து கடைக்குக் கால் மணி நேரம்தான். நான் தினமும் சந்தையைச் சுற்றிக்கொண்டு வருகிறேன்.